விலைக்குப் போன பட்டப்பெயர்

பிரான்ஸின் ஆல்ப்ஸ் மலையடிவார ஊரான கிரெனோபிளுக்கு வந்த இரண்டாவது குளிர்காலத்தில் கீழ்வீட்டு அம்மா ஒரு ஞாயிறு மதியம் சாப்பிடக் கூப்பிட்டிருந்தார். வெறுங்கையோடு போக மனசில்லை. உருளைக்கிழங்கை வட்டவட்டமாகச் சீவி, பாத்திரத்தின் உள்பக்கம் பூண்டைத் தேய்த்து, பாலும் கிரீமும் ஊற்றி, ஜாதிக்காய் கொஞ்சம் சுரண்டிப் போட்டு, ஒரு மணி நேரம் ஓவனில் வைத்து எடுத்துக்கொண்டு போனேன். இந்தப் பக்கத்தின் பேர்போன பதார்த்தம் அது. ‘கிராத்தன் தொஃபினுவா’ என்பார்கள். மேல்பக்கம் நன்றாக முறுகட்டுமே என்று இரண்டு கை நிறைய சீஸையும் துருவித் தூவியிருந்தேன்.

அந்த அம்மாவுக்கு எண்பது வயது இருக்கும். முள்கரண்டியால் மேலே இருந்த பொன்னிற ஏட்டைத் தட்டிப் பார்த்தார். ஒரு வாய் சாப்பிட்டார். “நன்றாக இருக்கிறது மொசியே. ஆனால் இது தொஃபினுவா இல்லை. சீஸ் போட்டால் அது சவோயாக்காரர்கள் செய்வது” என்றார்.

சவோயா இங்கிருந்து ரயிலில் ஒரு மணி நேரம்கூட இல்லை. ஆனால் அவர் அந்தப் பெயரை உச்சரித்த விதம், நம் ஊரில் சம்பந்தி வீட்டைப் பற்றிப் பேசுகிற விதம். அந்தத் தொனிக்குப் பின்னால் எழுநூறு வருடத்துப் பங்காளிச் சண்டை இருக்கிறது என்று அப்போது எனக்குத் தெரியாது. வீட்டுக்கு வந்து தேட ஆரம்பித்தேன். உருளைக்கிழங்கில் தொடங்கிய தேடல் பிரான்ஸ் நாட்டுப் பட்டத்து இளவரசர்களின் கல்லறையில் போய் நின்றது.

‘தொஃபினே’ என்ற சொல்லைத் தினமும்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ரொட்டிக் கடை வாசலில் தொங்கும் செய்தித்தாளின் பெயர் ‘லெ தொஃபினே லிபெரே’. அந்தப் பத்திரிகை 1947-ல் ஆரம்பித்த சைக்கிள் பந்தயத்துக்கும் நெடுங்காலம் இதே பெயர்தான் இருந்தது. இது இந்த மலைப் பிரதேசத்தின் பழைய பெயர். அதன் வேர்ச்சொல் ‘தொஃபேன்’. அகராதியைத் திறந்தால் தொஃபேன் என்றால் டால்பின், நம் கடற்கரைக்காரர்கள் ஓங்கில் என்கிறார்களே, அதேதான். மூன்று பக்கமும் ஆல்ப்ஸ் மலைத்தொடர் சூழ்ந்த ஊர் இது. மே மாதத்திலும் உச்சியில் பனி தெரியும். பக்கத்துக் கடல் என்றால் மார்செய், சாலை வழியாகக் கிட்டத்தட்ட 270 கிலோமீட்டர். இங்கே ஓங்கிலுக்கு என்ன வேலை?

இதற்குத் தமிழில் ஒரு சௌகரியமான விடை இருக்கிறது. நம்மிடம் பட்டம் என்றால் விருது, பட்டப்பெயர் என்றால் கேலிப்பெயர், பட்டத்து இளவரசர் என்றால் அடுத்த ராஜா. மூன்றும் ஒரே சொல்லில் நின்றுகொண்டிருக்கின்றன. பிரெஞ்சுக்காரர்களின் தொஃபேன் கதையும் அந்த வரிசையில்தான் போகிறது. முதலில் பட்டப்பெயர், அப்புறம் பட்டம், கடைசியில் பட்டத்து இளவரசர்.

ரோன் நதிக்கரையில் அல்போன் என்று ஒரு சின்ன இடம். 12-ஆம் நூற்றாண்டில் அதன் பிரபுக்கள் கிரெனோபிள் வரைக்கும் கையில் வைத்திருந்தார்கள். அப்பா, மகன், பேரன் எல்லோருக்கும் ஒரே பெயர், கீக். எந்த கீக் என்று தெரிய வேண்டாமா? நான்காவது கீக்குக்கு ‘டால்பின்’ என்று ஒரு கூடுதல் பெயர் ஒட்டிக்கொண்டது. அவர் 1142-ல் இறந்தார். ஏன் அந்தப் பெயர் என்பதற்கு ஆளுக்கொரு காரணம் சொல்கிறார்கள். அவருடைய அம்மா மத்தில்த் இங்கிலாந்துப் பக்கத்திலிருந்து வந்தவர், அங்கே டால்ஃபின் என்று ஆண்களுக்குப் பெயர் வைப்பதுண்டு, அதைத் தாய்வழியாகக் கொண்டுவந்தார் என்பது ஒன்று. போர்தோ நகரத்தில் 4-ஆம் நூற்றாண்டில் டெல்ஃபினஸ் என்ற ஆயர் இருந்து புனிதராகிவிட்டார், சும்மா அவர் பெயரை வைத்தார்கள் என்பது இன்னொன்று. எனக்கு இரண்டாவதுதான் சரியாகப் படுகிறது. நம் ஊரில் ஒரே தெருவில் நாலு முருகன் இருந்தால் ஒருவன் கட்டாயம் ‘குட்டை முருகன்’ ஆகிவிடுவான். குட்டை முருகனின் பேரன் ஆறடி வளர்ந்தாலும் அந்த வீடு குட்டையார் வீடுதான்.

அப்படித்தான் ஆயிற்று. பேரப்பிள்ளைகளுக்கும் அதே பெயர் வைத்தார்கள். 13-ஆம் நூற்றாண்டு முடிவதற்குள் அது ஆளின் பெயராக இல்லாமல் பதவியின் பெயராகிவிட்டது. மற்ற நாடுகளில் கோமகன், குறுநில மன்னன் என்று இருந்தது போல இங்கே ‘வியன்னுவாவின் தொஃபேன்’. வியன்னுவா என்பது ரோன் கரையில் வியேன் என்ற ஊரைச் சுற்றிய பகுதி. அவர் ஆண்ட நிலம் தொஃபினே. படம் வந்தது பெயருக்குப் பிறகுதான். சொல் இருக்கிறதே, சின்னம் வேண்டாமா என்று கொடியில் ஒரு ஓங்கிலை வரைந்தார்கள். வரைந்தவர் ஓங்கிலைக் கண்ணால் கண்டதே இல்லை என்று சத்தியம் செய்யலாம். செதில், சிவப்புச் செவுள், முதுகில் சீப்பு போல ஒரு கொண்டை, வளைந்த வால். நம் கோயில் மகர தோரணத்தில் வாயைப் பிளந்துகொண்டிருக்கும் மகரத்துக்குத் தம்பி மாதிரி இருக்கும்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். இந்தக் காலத்துக்குள் வம்சம் இரண்டு தடவை மாறிவிட்டது. ஐந்தாவது கீக் 1162-ல் இறந்தபோது இருந்தது பெயாத்ரிஸ் என்ற மகள் மட்டும். அவர் வழியாக நிலமும் பெயரும் பர்கண்டி குடும்பத்துக்குப் போயின. 1282-ல் மறுபடியும் ஆண் வாரிசு இல்லை. ஆன் என்ற பெண் வழியாக லா தூர் தியூ பேன் குடும்பத்துக்குப் போயின. பின்னால் பிரெஞ்சு அரியணை, பெண்ணுக்கும் உரிமை கிடையாது, பெண்வழி வந்த ஆணுக்கும் உரிமை கிடையாது என்று சட்டம் பேசி இங்கிலாந்தோடு நூறு வருடம் சண்டை போட்டது. அந்த அரியணையின் ஆண் வாரிசுக்கு அடையாளமாக நின்ற பட்டம் இரண்டு பெண்கள் கைமாற்றிக் கொடுத்து வந்தது. இதை யாரும் அப்போது பெரிதுபடுத்தியதாகத் தெரியவில்லை.

இனி உம்பேர். ஆமாம், பெயரே அதுதான். பிரெஞ்சில் ஹகரம் ஒலிக்காது. பெயரை விற்ற மனிதருக்கு உம்பேர் என்று பெயர் அமைந்தது தமிழர்களுக்கு மட்டும் கிடைத்த சந்தோஷம்.

இரண்டாம் உம்பேர் தொஃபேன் ஆக வேண்டியவரே இல்லை. அண்ணன் எட்டாம் கீக் இருந்தார். போர்வீரர். பதினாறு வயதிலேயே, 1325-ல், வாரே என்ற இடத்தில் சவோயாக்காரர்களைத் தோற்கடித்தவர். 1333-ல் லா பெரியேர் என்ற சவோயாக் கோட்டையை முற்றுகையிட்டபோது அங்கேயே செத்துப்போனார். பிள்ளை கிடையாது. நேப்பிள்ஸ் அரசவையின் பகட்டுக்குப் பழகியிருந்த தம்பி உம்பேர், 21 வயதில் வந்து உட்கார்ந்தார். நேப்பிள்ஸ் தோரணையை இந்த மலை ஊரில் நடத்தப் பார்த்தார். மந்திரி சபை, நீதி மன்றம், 1339-ல் கிரெனோபிளில் ஒரு பல்கலைக்கழகம் என்று எல்லாமே செய்தார். வரவு மட்டும் மலைக் கிராமத்து வரவு.

ஒரே மகன் ஆந்திரே. 1335-ல் இரண்டு வயதில் இறந்துவிட்டான். கோட்டை ஜன்னலோரம் அப்பா கொஞ்சிக்கொண்டிருந்தபோது கை தவறிக் கீழே விழுந்தான் என்று இந்தப் பக்கத்தில் ஒரு கதை உண்டு. கதைதான், ஆனால் விடாமல் சொல்கிறார்கள். அதற்குப் பிறகு குழந்தை இல்லை. கடன் கழுத்தை நெரித்தது. கையில் இருந்ததை எல்லாம் விற்பனைக்கு வைத்தார். முதலில் அவிஞ்ஞோனில் இருந்த போப்பிடம் கேட்டுப் பார்த்தார். வாங்குகிறவருக்குக் காட்டுவதற்காக 1339-ல் ஊர் ஊராக எத்தனை அடுப்பு, எவ்வளவு வரி என்று கணக்கெடுத்தார்கள். போப்போடு பேரம் படியவில்லை. கணக்கு மட்டும் மிஞ்சியது. ஆவணக் காப்பக ஆட்களுக்கு இன்றைக்கும் அது தங்கச் சுரங்கம்.

அதே அவசரத்தில் நடந்த இன்னொரு வியாபாரம் எனக்கு மிகவும் பிடித்தது. 1343 மே 29-ஆம் தேதி, பிரியான்சோனைச் சுற்றியிருந்த மலைக் கிராமத்துக்காரர்கள் உம்பேரிடம் வந்து தங்கள் சுதந்திரத்தையே விலைக்கு வாங்கிக்கொண்டார்கள். கையோடு 12,000 ஃபுளோரின், அப்புறம் வருடத்துக்கு 4,000 டக்கட். பதிலுக்கு, தாங்களே கூடித் தலைவர்களைத் தேர்ந்தெடுக்கலாம், வரியைத் தாங்களே பிரித்துக்கொள்ளலாம். ஆட்டுக்காரர்களும் சந்தை வியாபாரிகளும் சேர்ந்து ஒரு பிரபுவின் கையைக் கடனைக் காட்டி மடக்கிய ஏற்பாடு இது. பிரெஞ்சுப் புரட்சி வரைக்கும் நாலரை நூற்றாண்டு நின்றது. பிரான்ஸின் எத்தனையோ அரச ஒப்பந்தங்களுக்கு அந்த ஆயுசு கிடையாது.

முழுச் சொத்தையும் வாங்க ஆள் பிரெஞ்சு ராஜாதான், ஆறாம் ஃபிலிப். பேச்சு 1343-ல் தொடங்கியது. இடையில் உம்பேர் துருக்கியர்களோடு சண்டை போட ஸ்மிர்னாவுக்கு சிலுவைப் போருக்குப் போனார். இன்னும் பணம் கரைந்தது. ரோட்ஸ் தீவில் மனைவி இறந்துபோனார். திரும்பி வந்த பிறகு 1348-ல் கொள்ளைநோய். அடுத்த மார்ச் 30-ஆம் தேதி ரோமான் என்ற ஊரில் ஒப்பந்தம் கையெழுத்தானது. விலை 2,00,000 ஃபுளோரின், அதோடு ஆயுளுக்கும் ஓய்வூதியம். ஒரு ஃபுளோரின் சுமார் மூன்றரை கிராம் தங்கம். கால்குலேட்டரில் போட்டுப் பார்த்தேன், 700 கிலோ. நம் கணக்கில் 87,500 பவுன். ஒரு நாட்டுக்கு இது மலிவா, அதிகமா என்று சொல்லத் தெரியவில்லை. கொடுத்தவருக்கு வேறு வழியில்லை என்பது மட்டும் தெரிகிறது.

1349 ஜூலை 16-ஆம் தேதி லியோனில் ஒப்படைப்பு. செங்கோல், மோதிரம், கொடி, வாள். இவற்றை உம்பேர் ஒவ்வொன்றாகக் கழற்றி ஒரு பையன் கையில் கொடுத்தார். பையன் ராஜாவின் பேரன் சார்லஸ், வயது 11. உம்பேர் டொமினிக்கன் துறவியாகி, மதப் பட்டங்கள் சில பெற்று, 1355-ல் இறந்தார். தோற்றுப்போன மனிதர் என்றுதான் பொதுவாக எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. விற்பதற்கு இரண்டு வாரம் முன்னால், மார்ச் 14 அன்று, தன் குடிகளின் உரிமைகளை எல்லாம் ஒரு சாசனமாக எழுதி, வாங்குகிற ராஜாவும் வழிவழியாக மதிக்க வேண்டும் என்று கட்டிப்போட்டுவிட்டுத்தான் போனார். வீட்டை விற்கும்போது வாடகைக்காரரைக் காலி பண்ணக் கூடாது என்று பத்திரத்தில் எழுதுகிற மாதிரி. எத்தனை பேர் அதைச் செய்வார்கள்?

ஒரு தவறான தகவல் பரவலாக இருக்கிறது. பிரான்ஸின் மூத்த இளவரசர்தான் தொஃபேன் பட்டம் சூட வேண்டும் என்று உம்பேர் நிபந்தனை போட்டார் என்பார்கள். 1343-ல் முதலில் பேசியதே ராஜாவின் இரண்டாவது மகனுக்குத்தான். அது பிறகு மாறிமாறிப் பேரனிடம் வந்தது. வாங்கிய அடுத்த வருடமே தாத்தா இறந்து அப்பா ராஜாவாக, பேரன் பட்டத்து இளவரசர் ஆனார். அவர்தான் பின்னாளில் ஐந்தாம் சார்லஸ். அடுத்தவரும் மூத்த மகனுக்கே கொடுத்தார். அதுவே வழக்கமாகிவிட்டது. ஒப்பந்தத்தில் இருந்த உண்மையான நிபந்தனை வேறு. தொஃபினே அப்போது ஜெர்மானியப் பேரரசின் எல்லைக்குள் இருந்தது. அந்தப் பேரரசும் பிரான்ஸும் ஒன்றாகிற காலம் வரும்வரை இந்த நிலத்தைப் பிரான்ஸோடு கலக்கக் கூடாது என்று எழுதியிருந்தார்கள். அதனால் பாரீஸில் ‘பிரான்ஸின் ராஜா’ என்று கையெழுத்துப் போட்டவர், கிரெனோபிளுக்கு ஆணை அனுப்பும்போது ‘பிரான்ஸின் ராஜா, வியன்னுவாவின் தொஃபேன்’ என்று எழுத வேண்டியிருந்தது. அதுவும் புரட்சி வரைக்கும்.

பட்டம் கைமாறிய பிறகு அதன் ராசி அவ்வளவு நன்றாக இல்லை. ஆறாம் சார்லஸுக்கு அடுத்தடுத்து ஐந்து தொஃபேன்கள். முதல் குழந்தை 1386-ல் பிறந்த வருடமே போனது. அடுத்தவன் ஒன்பது வயது நிறைவதற்குள். மூன்றாவது லூயி 1415-ல். நான்காவது ஜான் 1417-ல். ஐந்தாவதாகப் பட்டம் வந்தது பதினான்கு வயதுப் பையன் ஒருவனுக்கு. அவனையும் பெற்றவர்களே கைகழுவினார்கள். 1420-ல் துருவா ஒப்பந்தத்தில் பிரான்ஸை இங்கிலாந்து ராஜாவுக்கு எழுதிக்கொடுத்தபோது சொந்த மகனை ‘தன்னைத் தானே தொஃபேன் என்று சொல்லிக்கொள்கிறவர்’ என்று குறிப்பிட்டார்கள். ஒன்பது வருடம் கழித்து சினோன் கோட்டைக்கு வந்த ஜோன் ஆஃப் ஆர்க்கும் அவரைத் தொஃபேன் என்றே கூப்பிட்டார். அப்பா இறந்து ஆறு வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது, ஆனால் ரேன்ஸ் தேவாலயத்தில் முடிசூடாதவர் அவருக்கு ராஜா இல்லை. ஒரே சொல். எதிரி சொன்னால் ‘போலி’, ஜோன் சொன்னால் ‘இன்னும் கொஞ்ச தூரம்தான்’. 1429 ஜூலை 17 அன்று ரேன்ஸில் முடிசூட்டிய பிறகுதான் ராஜா என்றார்.

அந்த ராஜாவின் மகன் லூயி ஒருத்தன்தான் வாங்கிய நிலத்தில் வந்து உண்மையாகவே ஆண்ட தொஃபேன். அப்பாவுக்கும் மகனுக்கும் ஆகாது. பதினாறு வயதிலேயே கலகத்தில் சேர்ந்தவன். 1447-ல் “போய் உன் நாட்டைப் பார்” என்கிற மாதிரி இங்கே அனுப்பிவிட்டார்கள். தண்டனையாக அனுப்பிய இடத்தில் அவன் தனி ராஜாங்கம் நடத்தினான். பிரபுக்களை அடக்கினான், 1452-ல் வாலான்சில் பல்கலைக்கழகம் வைத்தான், 1453-ல் கிரெனோபிளுக்கு ஒரு உயர்நீதிமன்றம் கொடுத்தான். அப்பாவைக் கேட்காமல் சவோயாப் பெண்ணைக் கல்யாணமும் செய்துகொண்டான். கீழ்வீட்டு அம்மாவிடம் இதைச் சொன்னபோது “அதனால்தான் கெட்டான்” என்றார். 1456-ல் அப்பா படையை அனுப்ப, மகன் பர்கண்டி பிரபுவிடம் ஓடிப்போனான். தன் கோழிகளைத் தின்னப்போகிற நரிக்குத் தீனி போடுகிறான் என்று பர்கண்டிக்காரரைப் பற்றி அப்பா சொன்னாராம். சரியாகவே சொன்னார். பதினோராம் லூயியாகி, பர்கண்டியை விழுங்கியவன் அவன்தான். ஆனால் தான் செய்ததை இனி ஒரு மகனும் செய்யக் கூடாதென்று ராஜாக்கள் உஷாரானார்கள். பட்டம் இருக்கும், நிலம் பக்கம் அனுப்ப மாட்டார்கள்.

ஊரின் நடுவில் புனித ஆந்திரே சதுக்கம் என்று ஒன்று இருக்கிறது. ஒரு பக்கம் பழைய தொஃபேன்களின் செங்கல் தேவாலயம், எதிரே அந்த உயர்நீதிமன்றக் கட்டடம். சாயங்காலம் இரண்டுக்கும் நடுவில் நாற்காலி போட்டுப் பிள்ளைகள் பியர் குடிக்கிறார்கள். தொஃபேன் என்ற பெயரில் நிஜமாக ஆட்சி நடந்தது இந்த ஐம்பதடி இடைவெளியில்தான் என்று நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். மீதி எல்லாம் காத்திருப்பு.

காத்திருந்தவர்களில் சாம்பியன் 14-ஆம் லூயியின் மகன். 1661-ல் பிறந்தவர். அவருக்குப் பாடம் சொல்ல நாட்டின் பெரிய அறிஞர்களைக் கூட்டி, லத்தீன் இலக்கியங்களை எல்லாம் தனிப் பதிப்பாகப் போட்டார்கள், அசிங்கமான பகுதிகளை வெட்டிவிட்டு. ‘தொஃபேன் உபயோகத்துக்கு’ என்று முகப்பில் அச்சிட்டிருந்தது. இன்றைக்கும் வெட்டிச் சுருக்கிய புத்தகத்துக்கு ஐரோப்பாவில் அந்தச் சொற்றொடர்தான் கேலி. அடித்து அடித்துச் சொல்லிக்கொடுத்ததில் பையனுக்குப் படிப்பே வெறுத்துவிட்டது. வளர்ந்த பிறகு செய்தித்தாளில் சாவு, கல்யாண அறிவிப்பைத் தவிர எதையும் படித்ததில்லை என்று சேன் சிமோன் பிரபு நினைவுக் குறிப்பில் எழுதியிருக்கிறார். ஐம்பது வயதை நெருங்கும்வரை தொஃபேனாகவே இருந்தார். ராஜாவுக்கு மகன், ராஜாவுக்கு அப்பா, தான் மட்டும் ராஜா இல்லை என்று அவரைப் பற்றி ஒரு சொலவடை. அவருடைய இரண்டாவது மகன்தான் ஸ்பெயினுக்கு ராஜா.

1711 ஏப்ரல் 14-ல் பெரியம்மை அவரைக் கொண்டுபோனது. பட்டம் மகன் பர்கண்டி கோமகனுக்கு. அடுத்த பிப்ரவரியில் வெர்சாயில் தட்டம்மை. 12-ஆம் தேதி அவர் மனைவி, 18-ஆம் தேதி அவர். பட்டம் அவர்களுடைய ஐந்து வயது மகனுக்கு. மார்ச் 8-ஆம் தேதி அவனும். மருத்துவர்கள் குழந்தைகளுக்கு இரத்தம் எடுத்துக்கொண்டே இருந்தார்கள், அந்தக் கால வைத்தியம் அதுதான். மிஞ்சியது இரண்டு வயதுத் தம்பி. அவனுக்கும் காய்ச்சல். வளர்ப்புத் தாயான வந்தாதூர் சீமாட்டி குழந்தையைத் தூக்கிக்கொண்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். மருத்துவர் ஒருவரையும் கிட்டே விடவில்லை. கணகணப்பாக வைத்திருந்தார், சத்தானதைக் கொடுத்தார், அவ்வளவுதான். குழந்தை பிழைத்தது. பதினொரு மாதத்துக்குள் நான்காவது தொஃபேன். 1715-ல் ஐந்து வயதில் 15-ஆம் லூயி. நாட்டின் மருத்துவ ஞானம் முழுவதும் ஒரு பக்கம், சாத்திய கதவு ஒரு பக்கம். இந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் என் பாட்டி ஞாபகம் வரும். வீட்டில் அம்மை போட்டால் அவரும் வாசலில் வேப்பிலையைச் சொருகிவிட்டு யாரையும் உள்ளே விட மாட்டார்.

இனி 1788-க்கு வருகிறேன், இந்த ஊரின் பெரிய வருடம். ராஜா 16-ஆம் லூயி நீதிமன்றங்களின் அதிகாரத்தை வெட்டினார். கிரெனோபிள் நீதிபதிகளை ஊரைவிட்டுப் போகச் சொல்லி உத்தரவு. ஜூன் 7, சந்தை நாள். சனம் திரண்டு கூரைமேல் ஏறி ஓடுகளைப் பிடுங்கிப் படைவீரர்கள்மேல் எறிந்தது. ‘ஓட்டு நாள்’ என்றே அதற்குப் பெயர். ஜூலை 21-ல் பக்கத்து விசீல் கோட்டையில் குருமார், பிரபுக்கள், பொதுமக்கள் என்ற மூன்று வகுப்பாரும் கூடித் தேசம் முழுவதற்குமான சபையைக் கூட்டச் சொன்னார்கள். புரட்சியின் முதல் படி இதுதான் என்று இங்கே பள்ளிக்கூடத்தில் சொல்லித்தருகிறார்கள். இரண்டுக்கும் நடுவில் ஜூலை 12 அன்று, ஓட்டு நாளில் மாட்டிக்கொண்ட அதே படைத்தலைவர் கிளெர்மோன் தொன்னேர் கோமகன், காப் நகரத்து அதிகாரிகளுக்கு ஒரு விருந்து வைத்தார். கிராத்தன் தொஃபினுவா என்ற பெயர் முதல்முதலாகக் காகிதத்தில் வந்தது அந்த விருந்துப் பட்டியலில்தான் என்கிறார்கள். தலைமேல் ஓடு விழுந்து சரியாக ஐந்தே வாரம், மனுஷன் உருளைக்கிழங்கு பரிமாறியிருக்கிறார்.

விசீலில் கேட்ட சபை அடுத்த வருடம் மே 5-ல் வெர்சாயில் கூடியது. அதற்கு முந்தைய நாள் நடந்த ஊர்வலத்தை, முதுகெலும்பில் காசநோய் கண்ட ஏழு வயதுத் தொஃபேன் லூயி ஜோசஃப் மாடத்தில் மெத்தைமேல் படுத்தபடி பார்த்தான். ஜூன் 4-ல் இறந்தான். துக்கத்தில் இருந்த ராஜாவைப் பார்த்தே ஆக வேண்டும் என்று பிரதிநிதிகள் வந்து நின்றபோது, “அவர்களில் அப்பா ஒருவர்கூட இல்லையா?” என்று ராஜா கேட்டதாகச் சொல்வார்கள். பட்டம் நாலு வயதுத் தம்பி லூயி சார்லுக்கு வந்தது. 1790-ல் பிரபுப் பட்டங்களை எல்லாம் ஒழித்தார்கள். 1791 அரசியல் சாசனம் அவனைத் தொஃபேன் இல்லை, ‘அரச இளவரசன்’ என்றது. அடுத்த வருடம் குடும்பத்தோடு டெம்பிள் கோபுரச் சிறை. 1793 ஜூலையில் அம்மா மரி ஆந்துவானெத்திடமிருந்து பிரித்தார்கள். 1795 ஜூன் 8-ல், பத்து வயதில், அங்கேயே இறந்துபோனான்.

உடலை அறுத்துப் பார்த்த மருத்துவர் பெல்தான், யாருக்கும் தெரியாமல் இதயத்தைக் கைக்குட்டையில் சுற்றிப் பையில் போட்டுக்கொண்டார். அது அலமாரியில் இருந்தது, மாணவன் திருடினான், திரும்பி வந்தது, பேராயர் மாளிகைக்குப் போனது. 1830 கலவரத்தில் மாளிகை சூறையாடப்பட்டபோது கண்ணாடிப் பேழை உடைந்தது. மருத்துவரின் மகன் சில்லுகளுக்கு நடுவே தேடி எடுத்தார். எங்கெல்லாமோ சுற்றி 1975-ல் பாரீஸ் பக்கத்து சேன் தெனி பேராலயத்துக்கு வந்தது. இதற்கிடையில் “சிறையிலிருந்து தப்பியது நான்தான்” என்று நூற்றுக்கு மேல் ஆட்கள் கிளம்பியிருந்தார்கள். அதில் கெட்டிக்காரர் நௌன்டார்ஃப் என்ற கடிகாரக்காரர். 1845-ல் ஹாலந்தில் இறந்தார், கல்லறையில் 17-ஆம் லூயி என்றே பொறித்துவிட்டார்கள். 2000-ல் அந்த இதயத்தின் மரபணுவை மரி ஆந்துவானெத் குடும்பத்து முடியோடு ஒப்பிட்டார்கள், பொருந்தியது. 2004 ஜூன் 8-ல், இறந்து 209 வருடம் கழித்து, அடக்கம்.

கோடையில் பாரீஸ் போனபோது நானும் போய்ப் பார்த்தேன். நிலவறையில் கூட்டம் இல்லை. ஒரு சின்னப் படிகக் குடுவை. ஓங்கில் எங்கே என்று கண் தானாகத் தேடியது.

புரட்சி முடிந்து பழைய குடும்பம் திரும்பிய பிறகு, 1824-ல் தொஃபேன் பட்டத்தைத் தூசு தட்டி எடுத்தார்கள். புதிய ராஜா பத்தாம் சார்லஸின் மகன் லூயி அந்துவான், வயது 49. அவர் மனைவி மரி தெரேஸ். டெம்பிள் சிறையில் தம்பி செத்தபோது மேல்மாடியில் அடைபட்டிருந்த அக்கா, அந்தக் குடும்பத்தில் உயிரோடு வெளியே வந்த ஒரே ஆள். தம்பிகள் இரண்டு பேரும் சின்ன வயதில் சுமந்த பட்டம் கடைசியில் கணவர் வழியாக அவர்மேல் வந்து உட்கார்ந்தது. 1830 ஆகஸ்ட் 2-ல், இன்னொரு புரட்சி துரத்த, ராம்பூயே கோட்டையில் சார்லஸ் முடியைத் துறந்து கையெழுத்துப் போட்டார். அடுத்த கையெழுத்து மகனுடையது. அவர் தயங்கினார், மனைவி போடாதீர்கள் என்று அழுதார். சுமார் இருபது நிமிடம். அதுவரைக்கும் அவர் பிரான்ஸின் ராஜா என்று கணக்குப் போடுகிறவர்கள் உண்டு. அப்புறம் போட்டுவிட்டார்.

அதன்பிறகு சட்டப்படி தொஃபேன் கிடையாது. அரியணைக்கு உரிமை கொண்டாடும் இரண்டு குடும்பங்கள் இன்னமும் தங்கள் பையன்களுக்கு அந்தப் பெயரைச் சூட்டிக்கொள்கின்றன, அது அவர்கள் வீட்டு விஷயம். தொலைக்காட்சியில் மிஸ் பிரான்ஸ் போட்டியில் இரண்டாவதாக வரும் பெண்ணுக்கு ‘முதல் தொஃபீன்’ என்று பெயர். கட்சித் தலைவருக்கு அடுத்தபடி நிற்பவரைப் பத்திரிகைகள் தொஃபேன் என்கின்றன, பெரும்பாலும் அவர் தலைவராகாமலே போவார்.

லூயி அந்துவானும் மரி தெரேஸும் நாடு நாடாக அலைந்தார்கள். ஸ்காட்லாந்து, பிராக், கடைசியில் ஆஸ்திரியப் பேரரசின் ஓரத்தில் இருந்த கோரிட்சியா. அவர் 1844-ல் அங்கே இறந்தார். அந்த அம்மா 1851-ல், வியன்னா பக்கத்தில். கோரிட்சியாவின் குன்றுமேல் ஒரு மடத்தில் பத்தாம் சார்லஸுக்குப் பக்கத்தில் இரண்டு பேரையும் வைத்திருக்கிறார்கள். 1947-ல் இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அளந்த புது எல்லைக்கோடு ஊரை ஒட்டி ஓடியது. ஊர் இத்தாலியில் நின்றுவிட்டது, மடம் மறுபக்கம் விழுந்துவிட்டது. கடைசித் தொஃபேன் இப்போது ஸ்லோவேனியாவில் இருக்கிறார்.